யுஎஸ்பி வைஃபை அடாப்டருக்குச் சரியான டிரைவரைப் பாதுகாப்பாகத் தேடிப் போடுவது எப்படி?

பழைய லேப்டாப்பில் வைஃபை போய்விட்டால், அதைத் திறந்து உள்ளே இருக்கும் கார்டை மாற்றுவதைவிட விரல் நுனி அளவு யுஎஸ்பி அடாப்டர் ஒன்றை வாங்கிச் செருகுவது சுலபம். ரங்கூனில் பெரும்பாலும் அதைத்தான் செய்கிறோம். மூசே வழியாக வந்த சீனச் சரக்கும் மியாவடி வழியாக வந்த தாய்லாந்துச் சரக்கும் கடைகளில் கலந்தே கிடக்கும். பல பெட்டிகளில் கம்பெனிப் பெயரே இருக்காது. "600 எம்பிபிஎஸ்" என்று வேகம் மட்டும் கொட்டை எழுத்தில் போட்டிருக்கும். செருகியதும் வேலை செய்தால் உங்கள் அதிர்ஷ்டம். இல்லாவிட்டால் கூகுளில் தேடி, முதலில் கண்ணில் படும் பச்சை நிற 'டவுன்லோட்' பட்டனை அமுக்குவோம். வினை அங்கேதான் ஆரம்பிக்கிறது.

செருகிய சாதனத்தை விண்டோஸோடு பேச வைக்கும் மென்பொருள்தான் டிரைவர். ஆனால் அது சாதாரண மென்பொருள் மாதிரி இல்லை. விண்டோஸின் மையப்பகுதிக்குள் உட்கார்ந்து வேலை செய்வது அது. கெட்ட டிரைவரோ, டிரைவர் என்ற பெயரில் வந்த வேறு எதுவோ உள்ளே நுழைந்துவிட்டால் ஆன்டிவைரஸைக்கூட ஓரம் கட்டிவிட முடியும். அதனால் "எந்த டிரைவர்?" என்பதோடு "எங்கிருந்து எடுத்தது?" என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். இரண்டுக்கும் பதில் ஓர் எண்ணில் இருக்கிறது. அந்த எண்ணை எப்படிப் பார்ப்பது, அதை வைத்து என்ன செய்வது என்பதுதான் கீழே வருவது.

தொடங்கும் முன்

முதலில் கம்ப்யூட்டரின் தேதியையும் நேரத்தையும் பாருங்கள். சிரிக்காதீர்கள். கரண்ட் முறை வைத்து வரும் ஊரில், பேட்டரி செத்த லேப்டாப் நாள் கணக்கில் சும்மா கிடக்கும். மதர்போர்டில் இருக்கும் காசு அளவு பேட்டரியும் தீர்ந்திருந்தால் தேதி பல வருஷம் பின்னால் போய்விடும். தேதி தப்பாக இருந்தால் நல்ல தளத்தையும் பிரவுசர் "பாதுகாப்பற்றது" என்று சொல்லும். சொல்லிச் சொல்லிப் பழகி, உண்மையிலேயே மோசமான தளம் வரும்போதும் அந்த எச்சரிக்கையைத் தாண்டிப் போய்விடுவோம். நேர மண்டலத்தில் யாங்கோன், அதாவது கூட்டல் 6:30 இருக்கட்டும். இந்தியாவிலிருந்து வந்த லேப்டாப் என்றால் 5:30 இருக்கும், ஒரு மணி நேரம் பிந்திக் காட்டும்.

அடுத்து ரீஸ்டோர் பாயிண்ட். ஸ்டார்ட் மெனுவில் 'கிரியேட் எ ரீஸ்டோர் பாயிண்ட்' என்று தட்டினால் ஒரு ஜன்னல் வரும். சி டிரைவுக்கு 'புரொடெக்‌ஷன்' ஆன் ஆகியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு 'கிரியேட்' கொடுங்கள். டிரைவர் கெடுத்துவிட்டால் பழைய நிலைக்குத் திரும்ப இது கைகொடுக்கும்.

சி டிரைவின் மேல்மட்டத்திலேயே 'டிரைவர்' என்று ஆங்கிலத்தில் ஒரு ஃபோல்டர் போட்டு வைத்துக்கொள்ளுங்கள். யூசர் பெயர் பர்மிய எழுத்திலோ தமிழிலோ இருக்கும் கம்ப்யூட்டரில் டெஸ்க்டாப்பிலிருந்து ஓட்டும் பழைய இன்ஸ்டாலர்கள் சில, பாதையைப் படிக்கத் தெரியாமல் பாதியில் நின்றுவிடும்.

கரண்ட் இருக்கும் நேரமாகப் பார்த்து உட்காருங்கள். அல்லது லேப்டாப் பேட்டரி நன்றாக ஏறியிருக்கட்டும்.

செருகிப் பாருங்கள், சிடியைத் தொடாதீர்கள்

பெட்டியில் ஒரு சின்ன சிடி இருக்கும், 8 சென்டிமீட்டர் அளவில். தட்டு வெளியே வரும் சிடி டிரைவில் அதை வைக்கலாம். வாய் மாதிரி பிளவு மட்டும் இருக்கும் டிரைவில் போட்டால் உள்ளே மாட்டிக்கொள்ளும், எடுக்க மெக்கானிக் வேண்டும். எப்படியும் அந்தச் சிடியில் இருப்பது அடாப்டர் தயாரான காலத்து டிரைவர். எனக்கு அதில் பெரிய நம்பிக்கை கிடையாது.

அடாப்டரை நேராக லேப்டாப்பில் செருகுங்கள், ஹப் வேண்டாம். கொஞ்சம் பொறுங்கள். விண்டோஸ் 10, 11 இரண்டுக்குள்ளும் நிறைய வைஃபை டிரைவர்கள் முன்கூட்டியே இருக்கின்றன. வலது கீழ் மூலையில் வைஃபை அடையாளம் வந்து பெயர்கள் தெரிந்தால் வேலை முடிந்தது, மேற்கொண்டு எதையும் இறக்க வேண்டாம். "இன்னும் வேகம் வரும்" என்று யாராவது சொன்னார்கள் என்பதற்காக ஓடுகிற டிரைவரை மாற்றாதீர்கள்.

சில அடாப்டர்கள் செருகியதும் ஒரு சிடி டிரைவ் போலத் தெரியும், உள்ளே ஒரு 'செட்டப்' ஃபைல் இருக்கும். அடாப்டரின் சின்ன நினைவகத்தில் டிரைவரை வைத்து விற்கிறார்கள். "டிரைவர் ஃப்ரீ" என்று பெட்டியில் போட்டிருப்பது இந்த ரகத்தைத்தான். அந்தச் செட்டப்பை உடனே ஓட்டாமல், அந்தச் சிடி அடையாளத்தின் மேல் வலது கிளிக் செய்து 'எஜெக்ட்' கொடுத்துப் பாருங்கள். பல அடாப்டர்கள் அப்போதுதான் வைஃபை சாதனமாக மாறி நிற்கும், விண்டோஸும் அடையாளம் கண்டுகொள்ளும்.

எண்ணை எடுங்கள்

விண்டோஸ் பட்டனையும் எக்ஸ் எழுத்தையும் சேர்த்து அமுக்கினால் வரும் பட்டியலில் 'டிவைஸ் மேனேஜர்' இருக்கும். திறந்தால் 'நெட்வொர்க் அடாப்டர்ஸ்' என்பதன் கீழோ, 'அதர் டிவைசஸ்' என்பதன் கீழ் மஞ்சள் முக்கோணத்துடனோ உங்கள் அடாப்டர் இருக்கும். பெரும்பாலும் '802.11 என்' என்றோ 'டபிள்யூஎல்ஏஎன்' என்றோ பெயர் காட்டும். எது என்று சந்தேகமாக இருந்தால் அடாப்டரைப் பிடுங்குங்கள், பட்டியலிலிருந்து எது மறைகிறதோ அதுதான். இந்த ஊரில் பாதி லேப்டாப்பில் விபிஎன் இருக்கும், அதுவும் 'டேப்', 'டன்னல்' என்று தன் பங்குக்கு இரண்டு மூன்று பெயர்களை இங்கே போட்டு வைத்திருக்கும். அவற்றைத் தொட வேண்டாம்.

அடாப்டரின் மேல் வலது கிளிக், 'புராப்பர்ட்டீஸ்', 'டீடெயில்ஸ்' தாவல். அங்கே இருக்கும் கீழிறங்கு பட்டியலில் 'ஹார்ட்வேர் ஐடிஸ்' என்பதைத் தேர்ந்தெடுங்கள். 'யுஎஸ்பி' என்று தொடங்கி, 'விஐடி' என்பதன் பின்னால் நான்கு இலக்கமும், 'பிஐடி' என்பதன் பின்னால் நான்கு இலக்கமும் இருக்கும். இலக்கம் என்றாலும் ஏ முதல் எஃப் வரையிலான எழுத்துகளும் நடுவில் வரும். முதல் நான்கு தயாரிப்பாளருக்கு உரியது, அடுத்த நான்கு அந்தக் குறிப்பிட்ட சாதனத்துக்கு உரியது. வரியின் மேல் வலது கிளிக் செய்து காப்பி எடுத்து, நோட்பேடில் ஒட்டி வையுங்கள்.

பெயரில்லாத அடாப்டர்களில் அடிக்கடி வருவது இவை: விஐடி 0பிடிஏ என்றால் ரியல்டெக், 148எஃப் என்றால் ராலிங்க் (இப்போது மீடியாடெக்), 0சிஎஃப்3 என்றால் குவால்காம் ஏதெராஸ், 2357 என்றால் டிபி-லிங்க். 148எஃப்-க்குப் பின்னால் பிஐடி 7601 வந்தால் அது எம்டி7601 சிப். மலிவு அடாப்டர்களில் எங்கு பார்த்தாலும் அதுதான். 0பிடிஏ-க்குப் பின் 8179 வந்தால் ஆர்டிஎல்8188இயு. 0பிடிஏ-க்குப் பின் 1ஏ2பி என்று காட்டினால் அடாப்டர் இன்னும் சிடி வேஷத்தில்தான் இருக்கிறது, மேலே சொன்ன 'எஜெக்ட்' வேலையை முடித்துவிட்டு மறுபடி எண்ணைப் பாருங்கள்.

எண்ணுக்கு ஏன் இவ்வளவு முக்கியத்துவம் என்றால், ஒரே பெயரில் உள்ளே வேறு வேறு சிப்பை வைத்து விற்கிறார்கள். டிபி-லிங்கின் டிஎல்-டபிள்யூஎன்722என் நல்ல உதாரணம். அதன் முதல் பதிப்பில் ஏதெராஸ் சிப், இரண்டாம் பதிப்பிலிருந்து ரியல்டெக். மேலே அச்சடித்த பெயரும் வெள்ளை உடம்பும் அப்படியே. பெகுவிலிருந்து உறவுக்காரர் ஒருவர் போன் செய்தார்.

"தம்பி, கம்பெனி சைட்லேர்ந்துதான் எறக்குனேன். மாடல் நம்பரும் சரியாத்தான் இருக்கு. போட்டா 'டிவைஸ் இல்லை'ங்குதே?"

"மாமா, பின்பக்க ஸ்டிக்கர்ல 'வெர்'னு சின்னதா ஒண்ணு போட்டிருக்கும். என்ன நம்பர்?"

"3.0ன்னு இருக்கு."

அவர் இறக்கியது ஒன்றாம் பதிப்புக்கானது. அதே பக்கத்திலேயே மேலே பதிப்பு மாற்றும் பட்டியல் இருந்தது.

வைஃபை இல்லாமல் டிரைவர் இறக்குவது

வைஃபை வேலை செய்ய டிரைவர் வேண்டும், டிரைவர் இறக்க இணையம் வேண்டும். இதற்கு ஆண்ட்ராய்டு போன் போதும். டேட்டா போகும் கேபிளால் போனை லேப்டாப்பில் இணைத்து, போன் செட்டிங்ஸில் 'ஹாட்ஸ்பாட் அண்ட் டெதரிங்' உள்ளே 'யுஎஸ்பி டெதரிங்' ஆன் செய்யுங்கள். விண்டோஸ் அதை ஒரு கேபிள் இணைப்பாக எடுத்துக்கொள்ளும், பொதுவாகத் தனி டிரைவர் தேவைப்படாது. கடையில் மலிவாகக் கிடைக்கும் சில கேபிள்கள் சார்ஜ் மட்டுமே ஏற்றும். டெதரிங் பட்டன் மங்கலாகவே இருந்தால் கேபிளை மாற்றுங்கள்.

பலருக்குத் தெரியாத விஷயம்: போன் வைஃபையில் இருக்கும்போதும் யுஎஸ்பி டெதரிங் வேலை செய்யும். வீட்டு ரூட்டரிலோ பக்கத்து வீட்டு வைஃபையிலோ போனை இணைத்துக்கொண்டு டெதரிங் கொடுத்தால், எம்பிடியோ ஆட்டமோ மைடெல்லோ, உங்கள் சிம்மில் இருக்கும் பேக்கேஜ் ஒரு எம்பிகூடக் குறையாது.

சிம் டேட்டாவில்தான் செய்ய வேண்டும் என்றால், அந்த இணைப்பை 'மீட்டர்டு கனெக்‌ஷன்' என்று மாற்றிவிடுங்கள். செட்டிங்ஸில் 'நெட்வொர்க் அண்ட் இன்டர்நெட்', அதில் 'ஈதர்நெட்' உள்ளே இருக்கும். இல்லாவிட்டால் பல நாள் இணையம் காணாத விண்டோஸ், வந்தது லாபம் என்று எல்லா அப்டேட்டையும் இழுத்துக் குடித்துவிடும். ஆனால் இதில் ஒரு சிக்கல் உண்டு. மீட்டர்டு ஆக்கினால் விண்டோஸ் தானாக டிரைவர் இறக்குவதும் நின்றுபோகும். விண்டோஸ் 11-ல் 'புளூடூத் அண்ட் டிவைசஸ்', அதில் 'டிவைசஸ்' பக்கத்தில் கீழே, மீட்டர்டு இணைப்பிலும் டிரைவர்களை இறக்க அனுமதிக்கும் சுவிட்ச் இருக்கிறது. அதை மட்டும் ஆன் செய்தால் டிரைவர் வரும், பெரிய அப்டேட்கள் காத்திருக்கும்.

போனும் இல்லை என்றால் எண்ணை எழுதிக்கொண்டு நண்பர் கம்ப்யூட்டரில் இறக்கி பென்டிரைவில் கொண்டு வாருங்கள். இன்டர்நெட் கடைக் கம்ப்யூட்டரில் செருகிய பென்டிரைவை வீட்டில் செருகியதும் விண்டோஸ் டிஃபெண்டரால் ஒரு ஸ்கேன் ஓட்டிவிட்டுத்தான் திறக்க வேண்டும்.

எங்கே தேடுவது: இந்த வரிசையில்

முதலில் விண்டோஸ் அப்டேட். விண்டோஸ் 11-ல் 'அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ்' உள்ளே 'ஆப்ஷனல் அப்டேட்ஸ்', விண்டோஸ் 10-ல் அப்டேட் பக்கத்திலேயே 'வியூ ஆப்ஷனல் அப்டேட்ஸ்'. அதில் 'டிரைவர் அப்டேட்ஸ்' என்று தனியாக இருக்கும். உங்கள் சிப் பெயருடன் 'நெட்' என்று தெரிந்தால் அதை மட்டும் டிக் செய்து போடுங்கள். பக்கத்தில் பிரிண்டருக்கும் சவுண்டுக்கும் இருப்பதையெல்லாம் சேர்த்து அள்ள வேண்டாம். விண்டோஸ் 10-க்கான பொது ஆதரவு 2025 அக்டோபர் 14-ல் முடிந்துவிட்டது. அதற்காக ஏற்கெனவே வந்த டிரைவர்கள் போடாமல் போகாது.

இரண்டாவது, பெட்டியில் கம்பெனிப் பெயர் உண்மையாக இருந்தால் அந்தக் கம்பெனியின் சொந்தத் தளம். முகவரியை நீங்களே தட்டச்சு செய்யுங்கள், தேடல் பக்கத்தில் விளம்பரமாக வரும் முதல் இணைப்பை நம்பாதீர்கள். 'சப்போர்ட்' பக்கத்தில் மாடல், பிறகு பதிப்பு, பிறகு உங்கள் விண்டோஸ், 64-பிட்டா 32-பிட்டா என்பது வரை பார்த்து எடுக்க வேண்டும்.

மூன்றாவதுதான் பெயரில்லாத அடாப்டர்களுக்கு உயிர்: 'மைக்ரோசாஃப்ட் அப்டேட் கேட்டலாக்'. மைக்ரோசாஃப்டே நடத்தும் தளம், விண்டோஸ் அப்டேட்டில் வரும் அதே டிரைவர்கள் இங்கே தனித்தனி ஃபைல்களாகக் கிடைக்கும். தேடல் பெட்டியில் விஐடி முதல் பிஐடி இலக்கம் வரை, நடுவில் இருக்கும் 'அண்ட்' குறியோடு அப்படியே ஒட்டித் தேடுங்கள். நிறைய வரிகள் வரும். 'புராடக்ட்ஸ்' பத்தியில் உங்கள் விண்டோஸ் இருக்க வேண்டும். தேதியில் புதியதாகப் பார்த்து 'டவுன்லோட்' கொடுங்கள். வருவது 'கேப்' வகை ஃபைல், பெரும்பாலும் சில எம்பிதான் இருக்கும்.

தவிர்க்க வேண்டியவை: "எல்லா டிரைவரையும் ஒரே கிளிக்கில் அப்டேட் செய்கிறோம்" என்று சொல்லும் புரோகிராம்கள். நல்லதில் நல்லது காசு கேட்கும், கெட்டதில் கெட்டது கூடவே நாலு வேண்டாத விருந்தாளியைக் கூட்டி வரும். பேஸ்புக்கிலும் டெலிகிராமிலும் யாரோ தங்கள் டிரைவில் ஏற்றி வைத்த ஜிப், அதிலும் பாஸ்வேர்டு போட்ட ஜிப் என்றால் தொடவே தொடாதீர்கள். பாஸ்வேர்டு போடுவதே ஆன்டிவைரஸ் உள்ளே பார்க்கக் கூடாது என்பதற்காகத்தான் இருக்கும். "முதலில் ஆன்டிவைரஸை ஆஃப் செய்யவும்" என்று சொல்லும் எந்த வழிகாட்டலையும் அந்த வரியோடு மூடிவிடலாம்.

இறக்கியதைச் சோதிப்பது

கேப் ஃபைலை இரண்டு முறை கிளிக் செய்து திறந்து, உள்ளே இருப்பதையெல்லாம் உங்கள் 'டிரைவர்' ஃபோல்டருக்குள் எடுத்துப் போடுங்கள். குறைந்தது மூன்று வகை ஃபைல் இருக்க வேண்டும்: 'ஐஎன்எஃப்', 'சிஸ்', 'கேட்'. ஐஎன்எஃப் ஃபைலை நோட்பேடில் திறந்து உங்கள் பிஐடியைத் தேடிப் பாருங்கள். இருந்தால் இது உங்கள் அடாப்டருக்கான டிரைவர், இல்லாவிட்டால் நிறுத்திவிட்டு வேறு எடுங்கள். இந்த ஒரு சோதனை நிறைய அலைச்சலை மிச்சப்படுத்தும்.

அடுத்து கேட் ஃபைலில் வலது கிளிக், 'புராப்பர்ட்டீஸ்', 'டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்'. 'மைக்ரோசாஃப்ட் விண்டோஸ் ஹார்ட்வேர் காம்பாட்டிபிலிட்டி பப்ளிஷர்' என்று இருந்தால் நிம்மதி. கம்பெனித் தளத்திலிருந்து எடுத்த செட்டப் ஃபைல் என்றால் அந்தக் கம்பெனிப் பெயரில் கையெழுத்து இருக்க வேண்டும். அந்தத் தாவலே காணவில்லை என்றால் ஓட்டாதீர்கள். பல செட்டப் ஃபைல்களை, சுருக்கிய ஃபைலைப் பிரிக்கும் செவன்-ஜிப் புரோகிராமால் திறந்து உள்ளே இருக்கும் ஐஎன்எஃப் ஃபோல்டரை மட்டும் வெளியே எடுக்க முடியும். கம்பெனியின் கூடுதல் வைஃபை புரோகிராம் எதுவும் வராமல் டிரைவர் மட்டும் போட எனக்கு இதுதான் பிடிக்கும்.

சந்தேகம் இருந்தால் வைரஸ்டோட்டல் தளத்தில் ஏற்றிப் பாருங்கள், பல ஆன்டிவைரஸ்களின் கருத்து ஒரே இடத்தில் வரும். ஒன்று மட்டும் சிவப்பு காட்டினால் தப்பான எச்சரிக்கையாக இருக்கலாம். பெயர் பெற்ற நாலைந்து சேர்ந்து காட்டினால் அழித்துவிடுங்கள்.

போடுவது

இது சின்ன வேலை. டிவைஸ் மேனேஜரில் அடாப்டர் மேல் வலது கிளிக், 'அப்டேட் டிரைவர்', 'பிரவுஸ் மை கம்ப்யூட்டர்', உங்கள் ஃபோல்டர், 'இன்க்ளூட் சப்ஃபோல்டர்ஸ்' டிக், 'நெக்ஸ்ட்'. விண்டோஸே பொருத்தமான ஐஎன்எஃப்பைக் கண்டுபிடித்துப் போட்டுக்கொள்ளும். அப்புறம் ஒரு முறை ரீஸ்டார்ட்.

"சிறந்த டிரைவர் ஏற்கெனவே இருக்கிறது" என்று மறுத்தால், அதே இடத்தில் 'லெட் மீ பிக்' வழியாகப் போய் கையால் தேர்ந்தெடுக்கலாம். ஆனால் எண் பொருந்துகிறது என்று உறுதியாகத் தெரிந்தால் மட்டும். வேலை கெட்டுவிட்டால் புராப்பர்ட்டீஸில் 'டிரைவர்' தாவலில் 'ரோல் பேக் டிரைவர்' இருக்கிறது.

புளூடூத்தும் சேர்ந்த அடாப்டர் என்றால் இரண்டு சாதனம் தெரியும், இரண்டுக்கும் தனித்தனி டிரைவர் வேண்டும்.

இன்னும் எடுக்கவில்லையா?

முதலில் ரூட்டரில் விளக்கு எரிகிறதா என்று பாருங்கள். லேப்டாப் பேட்டரியில் ஓடிக்கொண்டிருக்கும், கரண்ட் போய் ரூட்டர் அணைந்திருக்கும். வைஃபை பட்டியலில் உங்கள் ரூட்டரின் பெயர் வராததற்குக் காரணம் டிரைவர் இல்லை, தெருவின் கரண்ட் முறை.

உங்கள் ரூட்டர் 5 கிகாஹெர்ட்ஸில் மட்டும் ஒளிபரப்பினால், 2.4 மட்டும் தெரிந்த அடாப்டருக்கு எந்த டிரைவர் போட்டாலும் அது கண்ணில் படாது. 150, 300 என்று போட்டிருக்கும் மலிவு அடாப்டர்கள் பெரும்பாலும் இந்த ரகம். 600 என்று போட்டிருப்பது 2.4-ல் 150-ம் 5-ல் 433-ம் சேர்த்துக் கூட்டி முழுமையாக்கிய எண். ஒரே நேரத்தில் அவ்வளவு கிடைக்காது.

டிவைஸ் மேனேஜரில் 'ஜெனரல்' தாவலில் ஒரு கோட் எண் காட்டும். 28 என்றால் டிரைவரே இல்லை. 10 என்றால் டிரைவர் இருக்கிறது, சாதனம் தொடங்க மறுக்கிறது. வேறு போர்ட்டில் செருகிப் பார்த்துவிட்டு இன்னொரு தேதி டிரைவரைப் போடுங்கள். 43 என்றால் சாதனமே கோளாறு சொல்கிறது, இன்னொரு கம்ப்யூட்டரிலும் அப்படியே வந்தால் கடைக்குத் திருப்பிக் கொடுக்க வேண்டிய கேஸ். 52 என்றால் கையெழுத்தைச் சரிபார்க்க முடியவில்லை. இந்த இடத்தில்தான் யூடியூபில் 'டிரைவர் சிக்னேச்சர் என்ஃபோர்ஸ்மென்டை ஆஃப் செய்யுங்கள்' என்று வருவார்கள். கேட்காதீர்கள். ஒரு மலிவு அடாப்டருக்காக வாசல் கதவையே கழற்றி வைப்பது அது. விண்டோஸின் 'மெமரி இன்டெக்ரிட்டி' என்ற பாதுகாப்பு பழைய டிரைவரைத் தடுத்தாலும் அப்படித்தான், அதை ஆஃப் செய்யாமல் புதிய டிரைவரைத் தேடுங்கள். இன்னும் விண்டோஸ் 7 ஓட்டுபவர்களுக்கு 52 வந்தால் காரணம் வேறாக இருக்கலாம். புதிய முறைக் கையெழுத்தைப் புரிந்துகொள்ள அதற்கு கேபி4474419 என்ற அப்டேட் வேண்டும், அதுவும் கேட்டலாக்கிலேயே கிடைக்கும். ஆனால் 2020 ஜனவரியோடு ஆதரவு நின்றுபோன அதை வைத்துக்கொண்டு வங்கி வேலை பார்க்காதீர்கள்.

இணைந்து இணைந்து அறுந்தால் புராப்பர்ட்டீஸில் 'பவர் மேனேஜ்மென்ட்' தாவலில் மின்சாரம் மிச்சப்படுத்த இந்தச் சாதனத்தை அணைக்கலாம் என்ற டிக்கை எடுத்துவிடுங்கள். நீல நிற யுஎஸ்பி 3 போர்ட்டில், பக்கத்திலேயே ஹார்ட் டிஸ்க்கும் செருகியிருந்தால் அதுவும் காரணமாகலாம். யுஎஸ்பி 3 எழுப்பும் இரைச்சல் 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபையைக் கெடுக்கும் என்று இன்டெல் 2012-லேயே எழுதியிருக்கிறது. ஒரு முழ நீள யுஎஸ்பி நீட்டிப்புக் கேபிளில் அடாப்டரைத் தள்ளி வைத்தால் பல நேரம் சரியாகிவிடும்.

லினக்ஸ், மேக்

லினக்ஸில் 'எல்எஸ்யுஎஸ்பி' கட்டளை அதே இரண்டு எண்களைக் காட்டும். எம்டி7601-க்கும் ஏதெராஸ் 9271-க்கும் டிரைவர் கெர்னலிலேயே, அதாவது லினக்ஸின் மையப்பகுதியிலேயே இருக்கிறது, செருகினால் ஓடும். ரியல்டெக்கின் பல சிப்கள் முன்பு படுத்தி எடுத்தன. கெர்னல் 6.2-லிருந்து யுஎஸ்பி ரியல்டெக்குகள் பலவற்றுக்கு ஆதரவு சேர்ந்தது. அதனால் யாரோ எழுதிய நிரலைத் தொகுத்துப் போடுவதற்கு முன் கெர்னலைப் புதுப்பித்துப் பாருங்கள். லினக்ஸ் ஓட்டப்போகிறீர்கள் என்றால் வாங்கும்போதே மீடியாடெக் சிப்பாகக் கேட்டு வாங்குங்கள்.

புதிய மேக்குகளுக்கு இந்த மலிவு அடாப்டர்களில் பெரும்பாலானவற்றுக்கு டிரைவரே கிடையாது. வாங்க வேண்டாம்.

ஒரு காப்பி எடுத்து வையுங்கள்

ஓடிய டிரைவரின் ஃபோல்டரை அழிக்காதீர்கள். விஐடி, பிஐடி எண்களையே ஃபோல்டர் பெயராக வைத்து பென்டிரைவில் போட்டுக்கொள்ளுங்கள். விண்டோஸ் மறுபடி போடும் நாளில் இணையம் இருக்கும் என்று நிச்சயமில்லை. எண் பெயரில் வைத்திருந்தால் கோயில் தமிழ் வகுப்புக் கம்ப்யூட்டருக்கோ மோல்மேனில் இருக்கும் அத்தை வீட்டு லேப்டாப்புக்கோ அதே எண் வரும்போது மறுபடி தேட வேண்டியதில்லை. அடாப்டரின் முதுகில் சின்னத் துண்டுத் தாளை ஒட்டி அதே எண்ணை எழுதிவிடுங்கள், பெட்டி எப்படியும் தொலைந்துபோகும்.